ஐஸ் படகில் போன கப்பித்தானா

எங்கள் சிலாகோன் தீவில் மனிதர்கள் ஒருவரை ஒருவர் மன்னித்துக்கொண்டு வாழ்வதற்குக் காரணம் இறையன்பு என்று பாதிரியார் நினைத்துக்கொண்டிருந்தார். உண்மையான காரணம் வெனிஃப்ரெடா துமுலாக்கின் ரொட்டி அடுப்பு.

அவர் எங்கள் ஊர்த்தலைவி. ஆணாக இருந்தால் கப்பித்தான், பெண்ணாக இருந்தால் கப்பித்தானா. ஒருவன் பன்றி இன்னொருவன் மரவள்ளியைத் தின்றுவிட்டாலும், வேலி ஒரு முழம் நகர்ந்துவிட்டாலும், சேவல் சண்டைக்குப் பிறகு யாருடைய மூக்காவது உடைந்தாலும், இரு தரப்பையும் மதிய நேரத்தில் தன் ரொட்டிக் கடைக்குள் உட்கார வைப்பார். முதுகுக்குப் பின்னால் தேங்காய் மட்டையும் சிரட்டையும் எரிந்துகொண்டிருக்கும். அவர் மட்டும் காற்று வரும் வாசலில் நாற்காலி போட்டுக்கொள்வார்.

"அவசரமே இல்ல. நல்லா யோசிச்சுச் சொல்லுங்க. எனக்கு இன்னும் நாலு தட்டு ரொட்டி வேகணும்."

இரண்டாவது தட்டைத் தாண்டி யாரும் பகைமையோடு இருந்ததில்லை. வியர்த்து வழிய வெளியே வந்து, ஈரப்பலா மரத்தடியில் ஒரே கிளாஸில் தென்னங்கள் குடிப்பார்கள். இவர் குடித்த கிளாஸில் அவர், அவர் குடித்த கிளாஸில் இவர். ஊற்றுவது கப்பித்தானா. அந்தக் கிளாஸ் காலியான பிறகு பழைய பேச்சை எடுப்பவனை எங்கள் ஊரில் மனிதனாக மதிப்பதில்லை.

இதன் பலனாக அவருடைய கடைச் சுவரில் வரிசையாகக் கேடயங்கள் தொங்கின. ஒரு வழக்குகூட டவுனுக்கு அனுப்பாத ஊர் என்று நகராட்சி ஆண்டுதோறும் கொடுப்பது. வெளியூரிலிருந்து உறவினர் வந்தால், மற்ற ஊர்க்காரர்கள் பிள்ளைகளின் பட்டமளிப்புப் படத்தைக் காட்டுவதுபோல நாங்கள் இந்தக் கேடயங்களைக் காட்டுவோம். பன்றிகள் மரவள்ளி தின்பதை நிறுத்தவில்லை என்பதைக் கேடயத்தில் யாரும் பொறிக்கவில்லை.

வெனிஃப்ரெடா கடலட்டை எடுக்க முங்கியவரின் மகள். ஆசிரியர் பயிற்சிக்குப் போய் பாதியில் நின்றவர். டவுன் பேக்கரி ஒன்றில் மாவு பிசையக் கற்றுக்கொண்டு, ஒரு கப்பல்காரரைக் கட்டிக்கொண்டு தீவுக்குத் திரும்பினார். கணவர் வருடத்தில் ஒரு மாதம் வீட்டில் இருப்பார். "எங்க கல்யாணம் இத்தனை காலம் நிலைச்சதுக்கு பனாமா கால்வாய்க்குத்தான் நன்றி சொல்லணும்" என்பார் கப்பித்தானா. குழந்தை இல்லை. ஆனால் தீவின் பாதிப் பிள்ளைகளுக்கு அவர்தான் ஞானத்தாய். ஞானத்தாயை நாங்கள் நினாங் என்போம்; வயதில் மூத்த ஆணை மனோங், பெண்ணை மனாங் என்போம். அவர் தெருவில் நடந்தால் இரண்டு பக்கமும் "நினாங், நினாங்" என்ற குரல் கேட்கும், தவளைக் குளத்தைக் கடப்பதுபோல.

இப்படி எதையும் சமாதானம் செய்துவைக்கத் தெரிந்த பெண்மணியை இன்று ஊர் கொண்டாடுவது, அவர் சமாதானம் செய்ய மறுத்த ஒரே விஷயத்துக்காக.

திருவிழாவுக்கு மறுநாள் காலை. கடை திறக்கும் முன்பே ரொவெலின் பின்வாசலில் வந்து நின்றாள். கடற்பாசி வாங்கும் நிலையத்தில் எடை போடும் பெண், இருபத்து மூன்று வயது, மனோங் தெரோயின் மகள். முந்தைய நாள் நடனம் முடிந்து திரும்பும்போது பாசி உலர்த்தும் கொட்டகையில் ஹெர்னான் தன்னை என்ன செய்தான் என்று சொன்னாள். ஹெர்னான் வேறு யாரும் அல்ல, பயணிகள் படகு வைத்திருக்கும் மனாங் கரிதாதின் மகன். இருவருக்கும் நினாங் ஒருவரே.

"எனக்கு சமாதானம் வேண்டாம் நினாங். அந்த அடுப்பு முன்னால நான் உக்கார மாட்டேன். ஜட்ஜ்கிட்ட சொல்லணும்."

கப்பித்தானா அவளை உட்கார வைத்து, அடுப்புப் பக்கம் போய்விட்டு வந்தார்.

"துணி மாத்தினியா?"

"இல்ல."

"மாத்தாத. மிட்வைஃப் உன்னோட வருவா. முதல்ல டவுன் ஆஸ்பத்திரி, அப்புறம் போலீஸ்ல பெண்கள் பிரிவு. என்கிட்ட சொன்னதே போதும், வழியில யார் கேட்டாலும் சொல்லாத. உங்கம்மா கேட்டாலும்."

"நீங்க என்னை நம்புறீங்களா?"

"நம்புறது ஜட்ஜோட வேலை இண்டாய். கேக்கறது என் வேலை. கேட்டுட்டேன்."

இண்டாய் என்று மகளைப்போல அழைத்துச் சொன்ன அந்தப் பதிலை ரொவெலின் வெகு காலம் மன்னிக்கவில்லை. அவளைக் குறை சொல்ல முடியாது. கொட்டும் மழையில் கதவைத் தட்டியவளுக்குக் குடையைக் கொடுத்து, உள்ளே வா என்று சொல்லாமல் விட்டது போன்ற பதில் அது.

அன்று தீவில் ரொட்டி இல்லை. மாவு தீர்ந்துவிட்டது என்று கடைக் கதவில் ஒரு அட்டை தொங்கியது. ரொட்டி இல்லாத காலையில் ஊருக்குப் பேச நேரம் நிறைய. ரொவெலினும் மிட்வைஃபும் படகேறி முடிப்பதற்குள் விஷயம் மூன்று விதமாகப் பரவி, மதியத்துக்குள் ரொவெலினின் அண்ணன்கள் இருவரும் ஹெர்னானைப் பிடித்து பேஸ்கெட்பால் கம்பத்தில் மீன்வலைக் கயிற்றால் கட்டிவிட்டார்கள். எங்கள் தீவில் கூட்டம், நடனம், பூசை, தண்டனை எல்லாவற்றுக்கும் ஒரே மைதானம்தான். சிலர் நாற்காலி கொண்டுவந்திருந்தார்கள்.

கப்பித்தானா ரொட்டி அறுக்கும் கத்தியோடு வந்தார். கத்தியைப் பார்த்ததும் கூட்டம் கைதட்டியது. அவர் கயிற்றை அறுத்தார். கைதட்டல் நின்றது.

மூத்த அண்ணன் ஜுன்ரெய் முன்னால் வந்தான். "உங்க ஞானப்பிள்ளைன்னு விடறீங்களா நினாங்?"

"நீ யாரு? நீயும் என் ஞானப்பிள்ளைதான். உன் ஞானஸ்நானத்துக்கு அழுது ஊரைக் கூட்டினவன். இன்னும் நிறுத்தல."

"அவன் பண்ணதுக்கு..."

"இவன் மூஞ்சியை நீ உடைச்சா, நாளைக்கு ஜட்ஜ் இவன் வீக்கத்தைத்தான் பாப்பார். உன் தங்கச்சி சொல்றது காதுல விழாது. அவ வழக்கை நீயே கெடுக்கணுமா? கெடுக்கறதுக்கு எதிர்த் தரப்புல ஆள் இருக்காங்க."

ஹெர்னான் கையைத் தேய்த்துக்கொண்டே, "நான் ஒண்ணும் செய்யல நினாங்" என்றான்.

"வாயை மூடு. வக்கீல் வர்ற வரைக்கும் யார்கிட்டயும் பேசாத. என்கிட்டயும் பேசாத."

"அப்ப நான் சொல்றதை யார் கேப்பா?"

"கேப்பாங்க டோங்" என்றார், சின்னப் பையனைக் கூப்பிடும் சொல்லால். "முழுசா கேப்பாங்க. அதுக்குத்தான் டவுனுக்குப் போறே."

இப்படி ஒரே மதியத்தில் இரண்டு குடும்பத்துக்கும் விரோதியானார். பெண்ணின் பக்கத்தார் சொன்னார்கள், கப்பித்தானா விலை போய்விட்டார் என்று. பையனின் பக்கத்தார் சொன்னார்கள், ஒரு பெண் அழுததும் தன் ஞானமகனைப் போலீஸுக்குக் கொடுத்துவிட்டார் என்று. எதிரெதிரான இரண்டு பழிகள் ஒரே ஆளின் மேல் விழுந்தால் அந்த ஆள் ஏதோ சரியாகச் செய்கிறார் என்று அன்றைக்கே ஊகித்திருக்கலாம். நாங்கள் ஊகிக்கவில்லை. நாங்களும் பழி சொல்வதில் மும்முரமாக இருந்தோம்.

அடுத்த கேள்வி படகு. ஹெர்னானைக் கொண்டுபோக அவன் அம்மாவின் படகு தயாராக நின்றது. ரொவெலினுக்குப் பின்னால் போக அவள் அப்பாவின் படகும் நின்றது. கப்பித்தானா எந்தப் படகில் ஏறுகிறாரோ அந்தப் பக்கம்தான் உண்மை சொல்கிறது என்று தீர்மானித்துக்கொண்டு ஊர் முழுக்கக் கரையில் திரண்டது. எங்கள் தீவில் நீதி விசாரணை அவ்வளவு சுருக்கமானது.

அவர் இரண்டு படகையும் தாண்டி நடந்து, மீனுக்கு ஐஸ் கொண்டுவரும் மனோங் இஸ்கோவின் படகில் ஏறினார்.

மனோங் இஸ்கோ திகைத்துவிட்டார். "கப்பித்தானா, இதுல மீன் பெட்டியும் பன்னியும்தான் போகும்."

"இன்னிக்கு அதுங்களும் நம்ம கூட வரட்டும்."

டவுன் துறையில் இறங்கியபோது பாவாடை முழங்கால்வரை நனைந்திருந்தது. கானாங்கெளுத்தி வாடையோடு போலீஸ் நிலையத்தில் போய் உட்கார்ந்தார். ஹெர்னானுக்காகப் பேச இலவச வக்கீல் வரும்வரை அவனிடம் கேள்வி கேட்கக்கூடாது என்று ஒரு அறையிலும், ரொவெலினிடம் ஆண் போலீஸ் கேட்கக்கூடாது என்று இன்னொரு அறையிலும் சண்டை போட்டார். நிலையத்தில் அவரை அனுப்பிவைக்க எல்லோருக்கும் ஆசை. வாடைதான் முதல் காரணம் என்று சொல்லிக்கொண்டார்கள்.

வழக்கை நீதிமன்றத்துக்கு அனுப்பலாமா என்று முடிவு செய்ய, அரசு வழக்கறிஞர் இரு தரப்பையும் விசாரிக்க நாள் குறித்தார். அதுவரை ஹெர்னான் டவுனில் சித்தப்பா வீட்டில் இருக்க, ஊர் மெதுவாகத் தன் பழைய ஆசைக்குத் திரும்பியது. கேடயம். இந்த ஒரு வழக்கு டவுனுக்குப் போனால் இந்த ஆண்டு கேடயம் இல்லை.

அப்போதுதான் ஒரு சாவு விழுந்தது. சாவு வீட்டில் சீட்டாட்டமும் கள்ளும் உண்டு. அங்கே நீட்டிய கிளாஸை மறுத்தால் செத்தவரையே மறுத்ததாகும். அன்று மதியம் ஊற்றும் பொறுப்பு ஹெர்னானின் மாமன் மனோங் பீட்டோவுக்கு. அவர் முதலில் தான் குடித்தார். பிறகு அதே கிளாஸில் ஊற்றி, எல்லோரும் பார்க்க, ரொவெலினின் அப்பா மனோங் தெரோயிடம் நீட்டினார். தெரோய் கையில் நல்ல சீட்டு. பார்வையை எடுக்காமலே வாங்கிக் குடித்து, "நன்றி பாரே" என்றார், கூட்டாளியை அழைப்பதுபோல. ஆட்டத்தில் ஜெயித்து எழுந்தபோது, தான் மன்னித்துவிட்டதைத் தெரிந்துகொண்டார்.

"குடிச்சாச்சு. எல்லாரும் பாத்தாச்சு. நன்றியும் சொல்லியாச்சு" என்றார் பீட்டோ.

ஊர் பெருமூச்சு விட்டது. யாரும் ஏமாற்றியதாக நினைக்கவில்லை என்பதுதான் விசேஷம். கிளாஸ் கிளாஸ்தான். தெரோயே வீட்டுக்குப் போய் மகள் முன்னால் தலை குனிந்து நின்றார்.

"குடிச்சுட்டேன் இண்டாய். இனி நீ டவுன்ல போய்ப் பேசினா, என் வாய்க்கு ஊர்ல மரியாதை இல்ல."

"என் வாய்க்கு?" என்று கேட்டாள் ரொவெலின். அவள் வாபஸ் வாங்க வேண்டும் என்பதில் மட்டும் அவர் மாறவில்லை. விசாரணைக்கு அவள் போகாவிட்டால் வழக்கு அங்கேயே செத்துவிடும் என்று எல்லோருக்கும் தெரியும்.

ஞாயிறு பூசை முடிந்ததும் கப்பித்தானா மைதானத்தில் கூட்டம் போட்டார். ரொட்டிக் கடைக்கு வெளியே அவர் நடத்திய முதல் கூட்டம். ரொவெலினைக் கூப்பிடவில்லை, ஹெர்னானையும் கூப்பிடவில்லை. மனோங் பீட்டோ புதுச் சட்டையில் வந்திருந்தார்.

"குடிச்சது யாரு?" என்று ஆரம்பித்தார் கப்பித்தானா.

"தெரோய்."

"கொட்டகையில இருந்தது தெரோயா?"

யாரோ சிரித்தார்கள். பீட்டோ சிரிக்கவில்லை.

"இது என்ன புதுச் சட்டம் கப்பித்தானா? எப்பவும் அப்பன்தான் குடிப்பான், இல்லாட்டி புருஷன். ஊத்தினது யாரு? நீதான். அடுத்த தெரு லித்தோ பொண்டாட்டியை அறைஞ்சானே, அன்னிக்கு அவ அண்ணனுக்குத்தான் ஊத்தினே. அவளுக்கு ஊத்தலியே."

அது உண்மை. அந்தப் பெண் அங்கேயே, குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு நின்றிருந்தாள்.

"ஊத்தல" என்றார் கப்பித்தானா. "அவகிட்ட கேக்கக்கூட இல்ல. அந்த வருஷக் கேடயமும் என் சுவத்துலதான் தொங்குது. வேணும்னா நீ எடுத்துட்டுப் போ பீட்டோ, உன் கோழிக்கூண்டுக்குக் கதவில்ல. பன்னிக்கும் வேலிக்கும் நான் ஊத்துவேன். இதுக்கு ஊத்த எனக்கு அதிகாரமில்ல. யாருக்கும் இல்ல."

"அப்ப பையன் கதி?"

"அதைத்தான் கேக்க வந்தேன். உன் மருமகன் செஞ்சானா?"

"செய்யல."

"செய்யாதவன் எதுக்கு சமாதானம் கேக்கறான்? கிளாஸ் குடிச்சா, செஞ்சதை மன்னிச்சாச்சுன்னுதானே அர்த்தம். நீ ஊத்தின அன்னிக்கே ஊர் முன்னால அவன் செஞ்சான்னு எழுதிக் கொடுத்துட்டே. ஜட்ஜ்கிட்ட போனா 'இல்ல'ன்னு சொல்ல அவனுக்கு ஒரு வாய் இருக்கு. உன் கிளாஸ்ல அதுவும் இல்ல. அவ வாயையும் மூடினே, அவன் வாயையும் மூடினே. ஒரே ஊத்துல ரெண்டு பேர்."

பீட்டோ வாய் திறப்பதற்குள் பின்னாலிருந்து மனாங் கரிதாத் எழுந்தார். கூட்டத்தில் பேசும் பழக்கமில்லாதவர். படகு அவருடையது, கணக்கு அவருடையது, குரல் மட்டும் எப்போதும் தம்பி பீட்டோவுடையது.

"என் பையனுக்காக மன்னிப்புக் குடிக்க உன்னை யார் அனுப்பினா?"

"அக்கா, நான் நல்லதுக்குத்தான்..."

"அவன் என்கிட்ட செய்யலன்னு சொன்னான். செய்யாதவனா இருந்தா அதை ஜட்ஜ் சொல்லட்டும், சாவு வீட்டுக் கள்ளு சொல்ல வேண்டாம். செஞ்சவனா இருந்தா..." அவர் அங்கே நிறுத்திவிட்டு உட்கார்ந்தார். பிறகு உட்கார்ந்தபடியே முடித்தார். "அப்பவும் ஜட்ஜ் சொல்லட்டும்."

ரொவெலினின் வழக்கைக் காப்பாற்றியது ஹெர்னானின் அம்மா என்று சொன்னால் டவுனில் யாரும் நம்புவதில்லை. இரண்டு பக்கத்துக்கும் பொதுவாக இருந்தது ரோஷம் ஒன்றுதான். அதைக் கண்டுபிடித்து நீதிமன்றத்துக்கு வழி காட்டியது கப்பித்தானாவின் சாமர்த்தியம்.

ரொவெலின் விசாரணைக்குப் போனாள். வழக்கு நடந்தது என்று எழுதிவிடுவது எளிது. அது நடக்கவில்லை, தவழ்ந்தது. ஜட்ஜுக்குக் காய்ச்சல், வக்கீலுக்கு வேறு வழக்கு, புயல், மறுபடி வக்கீல். ஒவ்வொரு முறையும் இரண்டு படகுகள் தனித்தனியாகப் போக, ஐஸ் படகில் கப்பித்தானா போனார். நீதிமன்றத்தில் கடைசி பெஞ்சின் நடுவில் உட்காருவார். பக்கத்தில் உட்கார யாரும் விரும்பாததால் நடுநிலை காப்பது சுலபமாக இருந்தது. சாட்சிக் கூண்டில் அவர் ஏறியபோது, அந்தக் காலையில் ரொவெலின் வந்ததையும் அவள் நிலையையும் சொன்னார். எதிர் வக்கீல், ஹெர்னான் நல்ல பையன்தானே என்று கேட்டார். "நல்ல பையன். திருவிழாவுக்கு முந்தின நாள் வரைக்கும் எனக்குத் தெரியும். அதுக்கு மேல நான் பாக்கல" என்றார்.

இடையில் கேடயம் வந்தது, பக்கத்துத் தீவுக்கு. தேர்தலும் வந்தது. கப்பித்தானா மயிரிழையில் ஜெயித்தார். மனோங் தெரோய் அவருக்கு ஓட்டுப் போடவில்லை, சாவு வீட்டு விஷயத்தை மைதானத்தில் பேசியதற்காக. மனாங் கரிதாத் போட்டார். காரணம் சொல்லவில்லை. இன்று விசாரித்தால் தீவில் அவருக்கு ஓட்டுப் போடாதவர் ஒருவரும் கிடையாது. அத்தனை பேரும் போட்டிருந்தால் மயிரிழை எங்கிருந்து வந்தது என்று யாரும் கேட்பதில்லை.

தீர்ப்பு நாளன்று ஜட்ஜ் நெடுநேரம் வாசித்தார். ஹெர்னான் சொன்னதை ஒன்றுவிடாமல் வாசித்து, ஒவ்வொன்றையும் ஏன் ஏற்கவில்லை என்று வாசித்து, கடைசியில் குற்றவாளி என்றார். ரொவெலின் அழவில்லை. ஜுன்ரெய் அழுதான், ஞானஸ்நானத்தில் அழுத அதே குரலில். மனாங் கரிதாத் மகனின் சட்டைக் காலரைச் சரிசெய்துவிட்டு வெளியே வந்தார்.

துறையில் கப்பித்தானாவைக் கடக்கும்போது நின்றார்.

"எல்லாத்தையும் வாசிச்சார். அவன் சொன்னதுல ஒண்ணையும் விடல."

"விடல மாரே" என்றார் கப்பித்தானா, ஒரு தோழியிடம் சொல்வதுபோல.

"அது போதும்னு சொல்ல வரல."

"தெரியும்."

"ஆனா அதுவும் இல்லாம இருந்திருந்தா நான் என்ன பண்ணியிருப்பேன்னு தெரியல." அவர் தன் படகில் ஏறித் தனியாகப் போனார்.

ஐஸ் படகு புறப்படும் நேரத்தில் ரொவெலின் அப்பாவின் படகை விட்டு இறங்கி வந்து, கப்பித்தானாவுக்கு எதிரே ஒரு மீன் பெட்டியின் மேல் உட்கார்ந்தாள்.

"வாடை ஒட்டிக்கும் இண்டாய். ரெண்டு நாளைக்குப் போகாது."

"ஒட்டட்டும்."

மனோங் இஸ்கோ எஞ்சினைக் கிளப்பினார். அவர் காது கேட்காதவர் போல நடிப்பதில் கெட்டிக்காரர். அதனால்தான் பிறகு எங்களுக்கு எல்லாம் தெரிந்தது. துறை கண்ணிலிருந்து மறைந்ததும் ரொவெலின் கேட்டாள்.

"தீர்ப்பு வந்தாச்சு. இப்பவாவது சொல்லுங்க நினாங். அன்னிக்குக் காலையில என்னை நம்பினீங்களா?"

"உன்னை உக்கார வெச்சுட்டு அடுப்புப் பக்கம் போனேன், ஞாபகம் இருக்கா?"

"இருக்கு."

"ஒரு குடம் தண்ணி ஊத்தி அணைச்சேன். கடை தொறந்த நாள்லேர்ந்து அந்த அடுப்பை நான் அணைச்சதில்ல, புயல்லகூட. இந்தப் பொண்ணு அது முன்னால உக்கார வேண்டியதில்லன்னு தோணிச்சு."

"ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்."

"உன்கிட்ட நம்பறேன்னு சொல்லிட்டு, மத்தியானம் எந்த முகத்தோட அவன் கயித்தை அறுத்திருப்பேன்?"

ரொவெலின் யோசித்தாள். பிறகு நகர்ந்து அவர் பக்கத்துப் பெட்டியில் வந்து உட்கார்ந்தாள்.

அன்று ரொட்டி இல்லாமல் போனதற்கு மாவு தீர்ந்ததுதான் காரணம் என்று நாங்கள் இத்தனை காலமும் நினைத்திருந்தோம். இப்போது வெளியூர் உறவினர் வந்தால் கேடயங்களைக் காட்டுவதில்லை. அடுப்பைக் காட்டுகிறோம்.